இரத்த ஸ்மியரில் இயல்பற்ற செல் தென்பட்டால் என்ன செய்ய வேண்டும்?

கண்ணாடி ஸ்லைடில் மெல்லிய படலமாகப் பரப்பிச் சாயமேற்றிய இரத்தமே இரத்த ஸ்மியர். அதைப் பார்க்கப் பழகும் மாணவர் முதலில் ஐந்து வகை வெள்ளையணுக்களின் தோற்றத்தை மனத்தில் பதித்துக்கொள்கிறார். நியூட்ரோஃபில், லிம்ஃபோசைட், மோனோசைட், ஈசினோஃபில், பேசோஃபில் என்னும் ஐந்தையும் அடையாளம் கண்டு, நூறு செல்களை எண்ணி, ஒவ்வொன்றும் எத்தனை சதவீதம் என்று எழுதினால் டிஃபரென்ஷியல் கவுன்ட் முடிந்துவிடுகிறது. நாள்தோறும் வரும் ஸ்லைடுகளில் பெரும்பாலானவற்றுக்கு இது போதும். இந்த ஐந்தில் எதிலும் அடங்காத ஒரு செல் லென்ஸுக்கு அடியில் வந்து நிற்கும்போதுதான் சிக்கல் தொடங்குகிறது. கொஞ்சம் பெரிய லிம்ஃபோசைட்டாக இருக்கும் என்று எண்ணி, எண்ணும் கருவியில் லிம்ஃபோசைட்டுக்கான பொத்தானை அழுத்திவிட்டு அடுத்த செல்லுக்கு நகர்வது மிக எளிது. ஒருவருடைய இரத்தப் புற்றுநோய் வாரக்கணக்கில் தாமதமாகக் கண்டறியப்படுவதற்கு அப்படி அழுத்தப்பட்ட சில பொத்தான்கள் போதும்.

அந்தச் செல்லைக் கண்டவுடன் நோய்க்குப் பெயர் சொல்ல வேண்டும் என்ற எதிர்பார்ப்பு தொழில்நுட்பப் பணியாளர் மேல் இல்லை. கண்டது உண்மையானதா என்று உறுதி செய்வது, கண்டதைக் கண்டபடி விவரிப்பது, இன்னொருவர் கண்ணில் அதைக் காட்டுவது, அறிய வேண்டியவருக்கு உரிய நேரத்தில் தெரிவிப்பது ஆகியவையே அவருடைய பொறுப்பு. பொருந்தாத செல்லைப் பொருந்தாத செல்லாகவே பதிவு செய்யும் துணிவு இருந்தால், மற்றவற்றைப் பழக்கத்தில் கற்றுக்கொள்ளலாம்.

எவை இயல்பற்றவை என்பதிலிருந்து தொடங்குவோம். ஆரோக்கியமான பெரியவரின் இரத்த ஓட்டத்தில் முதிர்ந்த செல்களே இருக்கும். முதிராதவற்றை எலும்பு மஜ்ஜை தன்னிடமே வைத்துக்கொள்கிறது. ஆகவே பிளாஸ்ட் என்னும் மிக இளம் முன்னோடிச் செல், அதற்கு அடுத்தடுத்த வளர்ச்சி நிலைகளான புரோமைலோசைட், மைலோசைட், மெட்டாமைலோசைட், உட்கரு நீங்காத சிவப்பணு, பிளாஸ்மா செல் ஆகியவை ஸ்மியரில் தென்பட்டால் அதற்கு ஒரு காரணம் இருக்க வேண்டும். அந்தக் காரணம் எப்போதும் நோயாக இருப்பதில்லை. பிறந்து ஓரிரு நாள்களே ஆன குழந்தையின் இரத்தத்தில் உட்கரு உள்ள சிவப்பணுக்கள் காணப்படுவது இயல்பு. கர்ப்பிணிகளிடம் மைலோசைட்டுகள் சிலவற்றைக் காணலாம். கீமோதெரபிக்குப் பின் வெள்ளையணுக்களை உயர்த்துவதற்காக ஜி.சி.எஸ்.எஃப். ஊசி போடப்பட்டவரிடம் முதிராத செல்கள், சில நேரங்களில் பிளாஸ்ட்டுகள்கூட வெளிவரும். எனவே ஸ்லைடை வைத்துப் பார்ப்பதற்கு முன் பரிசோதனைக் கோரிக்கைப் படிவத்தில் வயதையும் நோய் விவரத்தையும் பார்த்துக்கொள்ள வேண்டும். படிவத்தில் அந்த இடங்கள் காலியாக விடப்பட்டிருந்தால், வார்டுக்குப் போன் செய்து கேட்பது நேர விரயம் ஆகாது.

அடுத்து, கண்டது உண்மைதானா என்ற கேள்வி வருகிறது. இரத்தம், உறையாமல் தடுக்கும் இ.டி.டி.ஏ. குழாயில் எடுக்கப்பட்ட சில மணி நேரத்துக்குள் ஸ்மியர் போடப்பட வேண்டும். நெடுநேரம் அறை வெப்பத்தில் கிடந்த மாதிரியில் நியூட்ரோஃபிலின் உட்கரு மடல்கள் உருண்டு, கறுத்து, துண்டு துண்டாகத் தெரியும். அனுபவமில்லாத கண்ணுக்கு அது உட்கரு உள்ள சிவப்பணுவைப் போலவே இருக்கும். மோனோசைட்டுகளில் குமிழிகள் தோன்றும், லிம்ஃபோசைட்டுகளின் உட்கரு பிளவுபட்டுத் தெரியும், சிவப்பணுக்களின் ஓரம் முள் முள்ளாக மாறும். சிவப்பணுவின் மேல் ஒட்டிய பிளேட்லெட்டை மலேரியா ஒட்டுண்ணி என்று எண்ணுவதும், சாயத்தின் படிவை ஏதோ ஒரு கிருமி என்று எண்ணுவதும் தொடக்கநிலையில் வழக்கமாக நேர்பவை.

சாயமும் பொய் சொல்லும். நம் ஆய்வகங்களில் பரவலாகப் புழங்கும் லீஷ்மன் சாயத்தை வில்லியம் பூக் லீஷ்மன் 1901-இல் உருவாக்கினார். கருங்காய்ச்சலின் ஒட்டுண்ணியை 1903-இல் அவர் அறிவித்ததும், அதே ஆண்டில் சென்னை அரசுப் பொது மருத்துவமனையில் பணியாற்றிய சார்லஸ் டோனவன் அதைத் தனியே கண்டு உறுதிப்படுத்தியதும் லீஷ்மன் சாயம் உள்ளிட்ட ரோமனோவ்ஸ்கி வகைச் சாயங்களின் வலிமைக்கு நல்ல சான்று. அந்தச் சாயத்தில் சேர்க்கும் பஃபர் நீரின் பி.எச். 6.8 அளவில் இல்லாமல் காரத்தன்மை மிகுந்தால் எல்லாச் செல்களும் நீலம் பாரித்து, சாதாரண லிம்ஃபோசைட்டின் சைட்டோபிளாசமே அச்சமூட்டும் அடர்நீலமாகத் தெரியும். அமிலத்தன்மை மிகுந்தால் சிவப்பணுக்கள் கண்ணைப் பறிக்கும் சிவப்பாகி, உட்கருவின் நுணுக்கங்கள் வெளிறிப்போகும். ஆகவே ஐயத்துக்குரிய செல்லைப் பார்க்கும்போது, அதே ஸ்லைடில் இருக்கும் சாதாரண நியூட்ரோஃபிலும் சிவப்பணுவும் சரியான நிறத்தில் இருக்கின்றனவா என்று பார்த்துக்கொள்ள வேண்டும். அவை சரியாக இல்லையென்றால் புதிய ஸ்மியர் போட்டு மீண்டும் சாயமேற்றுவதே முறை. அப்போதே குழாயின் லேபிளையும் ஸ்லைடில் எழுதிய எண்ணையும் ஒப்பிட்டுவிட வேண்டும். பிளாஸ்ட் இருப்பது உண்மை, ஆனால் அது வேறொருவருடைய இரத்தம் என்றால் இரண்டு குடும்பங்களுக்குத் தீங்கு நேர்கிறது.

ஸ்மியரை எங்கே பார்க்கிறோம் என்பதும் முக்கியம். சிவப்பணுக்கள் ஒன்றையொன்று தொட்டும் தொடாமலும் ஒற்றை அடுக்காகப் பரவியிருக்கும் பகுதியில்தான் செல்லின் உருவம் நம்பத்தக்கதாக இருக்கும். தடித்த தலைப்பகுதியில் செல்கள் சுருங்கிக் கறுத்திருக்கும்; வால் முனையில் அவை நசுங்கி விரிந்திருக்கும். ஆனால் எண்ணுவதற்கு முன் 10 மடங்கு லென்ஸில் ஸ்லைடு முழுவதையும், குறிப்பாக வால் முனையையும் இரு ஓரங்களையும் பார்த்தே ஆக வேண்டும். ஸ்மியரை இழுக்கும்போது பெரிய செல்களும் பிளேட்லெட் திரள்களும் அங்கேதான் போய்ச் சேருகின்றன. நடுப்பகுதியில் ஒன்றுகூட அகப்படாத பிளாஸ்ட்டுகள் வால் முனையில் நான்கைந்தாகக் கூடிக் கிடப்பதுண்டு. நேராக, எண்ணெய்த் துளியிட்டுப் பார்க்கும் உயர்திறன் ஆயில் இம்மர்ஷன் லென்ஸுக்குப் போய் நூறு எண்ணி முடிப்பவர் அவற்றைப் பார்க்கவே மாட்டார்.

செல்களை எண்ணும் அனலைசர் எந்திரம் கொடுக்கும் குறிப்புகளை இங்கே சொல்ல வேண்டும். ஐந்து வகையாகப் பிரிக்கும் அனலைசர்கள் ஐயம் எழும்போது பிளாஸ்ட், முதிராத செல், இயல்பற்ற லிம்ஃபோசைட் என ஃபிளாக் என்னும் எச்சரிக்கைக் குறி காட்டுகின்றன. சிறு ஊர்களின் ஆய்வகங்களில் இருக்கும் மூன்று வகைப் பிரிப்பு அனலைசரோ செல்களை அளவைக் கொண்டு மட்டுமே சிறியவை, இடைப்பட்டவை, பெரியவை என்று பிரிக்கிறது. மோனோசைட்டும் ஈசினோஃபிலும் பேசோஃபிலும் விழும் இடைப்பட்ட கட்டத்திலேயே பிளாஸ்ட்டும் பெரும்பாலும் விழும். சிறிய பிளாஸ்ட்டுகள் லிம்ஃபோசைட் கட்டத்திலும் விழலாம். ஆகையால் 'மிட்' என்று அச்சாகும் அந்த எண் வழக்கத்துக்கு மாறாக உயர்ந்திருந்தாலோ, ஹீமோகுளோபினும் பிளேட்லெட்டும் சேர்ந்து குறைந்திருக்கும் ஒருவருக்கு லிம்ஃபோசைட் 80 சதவீதம் என்று வந்தாலோ, ஸ்மியர் பார்க்காமல் அந்த அறிக்கையை வெளியே விடக் கூடாது. ஃபிளாக்குடன் வந்த எந்திரப் பிரிப்பை அப்படியே அச்சிட்டுக் கொடுப்பதற்கு வேலைப் பளு ஒரு காரணமாக இருக்கவே முடியாது என்பது என் உறுதியான கருத்து.

இனி செல்லை விவரிக்கும் முறைக்கு வருவோம். வரிசை மாறாமல் பார்ப்பது பெரிய உதவி. முதலில் அளவு: ஏறத்தாழ 7 முதல் 8 மைக்ரான் விட்டமுள்ள சிவப்பணு எல்லா ஸ்லைடிலும் கிடைக்கும் அளவுகோல். பிறகு, உட்கரு செல்லின் எவ்வளவு இடத்தை அடைத்திருக்கிறது என்பது. அதன் பிறகு உட்கருவின் உள்ளே இருக்கும் குரோமேட்டின்: முதிர்ந்த லிம்ஃபோசைட்டில் அது கட்டி கட்டியாக இறுகியிருக்கும், பிளாஸ்ட்டில் மெல்லிய தூளைச் சீராகத் தூவியதுபோல் திறந்து தெரியும். அந்தத் திறந்த பரப்பில் வெளிறிய வட்டமாக நியூக்ளியோலஸ் ஒன்றோ பலவோ இருக்கின்றனவா என்று நுண் திருகை மேலும் கீழும் மெல்ல நகர்த்திப் பார்க்க வேண்டும். கடைசியாகச் சைட்டோபிளாசத்தின் நிறம், அதில் துகள்கள், குமிழிகள், ஊசி போன்ற சிவந்த ஆவர் ராட் ஆகியவை உள்ளனவா என்பது. ஆவர் ராட் ஒன்று தென்பட்டாலும் அந்த பிளாஸ்ட் மைலாய்டு வகையை, அதாவது லிம்ஃபோசைட் அல்லாத வெள்ளையணுக்களின் வழியைச் சேர்ந்தது என்று சொல்லலாம். அது இல்லாதபோது, மைலோபிளாஸ்ட்டா லிம்ஃபோபிளாஸ்ட்டா என்று தோற்றத்தை மட்டும் வைத்து அடித்துச் சொல்ல எவராலும் இயலாது. அதற்கு, செல்லின் அடையாளப் புரதங்களைக் கண்டறியும் ஃப்ளோ சைட்டோமெட்ரி வேண்டும்.

இந்தத் தண்டுகளை 1906-இல் விவரித்த ஜான் ஆவர், அவை பெரிய லிம்ஃபோசைட்டுகளில் காணப்பட்டதாகவே எழுதினார். செல்லுக்கு அவர் இட்ட பெயர் பின்னாளில் திருத்தப்பட்டது. கண்ட உருவத்தை அவர் கண்டபடி எழுதிவைத்ததால் அந்த விவரிப்பு மட்டும் நூறாண்டு கடந்தும் நிற்கிறது. தொடக்கநிலை மாணவர், "பெரிய செல், வட்டமான உட்கரு, மென்மையான குரோமேட்டின், இரண்டு நியூக்ளியோலஸ், குறைவான நீலச் சைட்டோபிளாசம், துகள்கள் இல்லை" என்று எழுதிவிட்டாலே தன் பணியில் பெரும்பகுதியைச் செய்துவிட்டார்.

தமிழ்நாட்டு ஆய்வகங்களில் மழைக்காலம் தொடங்கியதும் அடிக்கடி எழும் ஐயம் ஒன்றைச் சற்று விரிவாகப் பார்க்கலாம். காய்ச்சல், குறைந்த வெள்ளையணு, சரிந்த பிளேட்லெட், ஸ்மியரில் பெரிய நீலச் செல்கள். இது டெங்குவாக இருக்கலாம். வேகமாக முற்றும் இரத்தப் புற்றுநோயான அக்யூட் லுகீமியாவாகவும் இருக்கலாம். டெங்குவில் காணப்படும், தொற்றை எதிர்க்க உருமாறிய ரியாக்டிவ் லிம்ஃபோசைட்டுக்குச் சைட்டோபிளாசம் தாராளமாக இருக்கும். அதன் ஓரம் அடர்நீலமாகி, பக்கத்துச் சிவப்பணுக்களைச் சுற்றி வளைந்து நெளிந்து கிடக்கும். உட்கரு பெரிதாக இருந்தாலும் குரோமேட்டின் பெரும்பாலும் இறுகியே இருக்கும். எல்லாவற்றுக்கும் மேலாக, ஒரே ஸ்லைடில் ஒன்றைப்போல் இன்னொன்று இராது: ஒன்று பிளாஸ்மா செல் போலவும், ஒன்று மோனோசைட் போலவும், ஒன்று சாதாரண லிம்ஃபோசைட்டாகவும் இருக்கும். லுகீமியா பிளாஸ்ட்டுகளோ ஒரே அச்சில் வார்த்தவைபோல் திரும்பத் திரும்ப வருகின்றன. சிவப்பணுக்களின் பக்கமும் துப்பு உண்டு. டெங்குவில் ஹீமோகுளோபின் பொதுவாகத் தாழ்வதில்லை, பிளாஸ்மா கசிந்தால், இரத்தத்தில் சிவப்பணுக்கள் அடைத்திருக்கும் விகிதமான ஹீமடோகிரிட் உயரவே செய்யும். லுகீமியாவில் பெரும்பாலும் சோகை உடன் வரும். இவ்வளவு துப்புகள் இருந்தும் சில செல்கள் எந்தப் பக்கமும் சாயாமல் நிற்கும். டெங்கு பரவும் காலம் என்பதற்காகவே அவற்றை ரியாக்டிவ் என்று எழுதிவிடக் கூடாது.

அறிக்கையில் எந்தச் சொல்லை எழுதுவது என்பதற்கு, இரத்தவியல் தரப்படுத்தலுக்கான பன்னாட்டு மன்றமான ஐ.சி.எஸ்.எச். 2015-இல் வெளியிட்ட பரிந்துரை வழிகாட்டுகிறது. தீங்கற்ற காரணத்தால் மாறியவற்றை ரியாக்டிவ் லிம்ஃபோசைட் என்றும், புற்றுநோய் ஐயம் உள்ளவற்றை அப்நார்மல் லிம்ஃபோசைட் என்றும் எழுதச் சொல்கிறது அது. இரண்டுக்கும் பொதுவாக ஏட்டிபிகல் என்று எழுதினால் படிக்கும் மருத்துவர் தமக்குத் தோன்றிய பொருளைக் கொள்வார்.

எண்ணும்போது இயல்பற்ற செல்லுக்குத் தனிக் கட்டம் ஒதுக்க வேண்டும். அடையாளம் தெரியாதவற்றை மற்றவை என்ற தலைப்பில் சேர்த்து, அவற்றின் விவரிப்பைக் கீழே எழுதலாம். நூறு செல் போதாது என்று தோன்றினால் 200 எண்ண வேண்டும். நூறு செல்லில் 5 பிளாஸ்ட் கண்டால் உண்மையான அளவு 1 முதல் 12 சதவீதம் வரை எங்கு வேண்டுமானாலும் இருக்கலாம் என்பது புள்ளியியல் கணக்கு. நூறில் ஒன்றுகூட அகப்படாததால் இரத்தத்தில் பிளாஸ்ட் இல்லை என்று ஆகிவிடாது. உட்கரு உள்ள சிவப்பணுக்களை நூறில் சேர்க்காமல், நூறு வெள்ளையணுக்களுக்கு எத்தனை என்று தனியே எண்ண வேண்டும். அவற்றையும் வெள்ளையணு என்று எண்ணிவிடும் எந்திரமாக இருந்தால் மொத்த எண்ணிக்கையைத் திருத்த வேண்டும்: எந்திரம் 18,000 காட்டி, நூறு வெள்ளையணுக்களுக்கு 20 உட்கரு உள்ள சிவப்பணுக்கள் இருந்தால், 18,000-ஐ 100-ஆல் பெருக்கி 120-ஆல் வகுக்க, உண்மையான எண்ணிக்கை 15,000. புதிய அனலைசர்கள் சில இத்திருத்தத்தைத் தாமே செய்துவிடுகின்றன. அவற்றில் மீண்டும் திருத்தினால் தவறாகிவிடும்.

வேகம் உயிரைக் காக்கும் இடம் ஒன்று உண்டு. இளம்பெண் ஒருவருக்கு ஈறில் இரத்தக் கசிவு, கைகால்களில் கன்றிய நீலத் திட்டுகள். வெள்ளையணு 1,800, பிளேட்லெட் 15,000 என்று வைத்துக்கொள்வோம். வெள்ளையணுக்கள் மிகக் குறைவென்பதால் ஸ்லைடில் நெடுநேரம் தேடினால்தான் ஐம்பது செல்லாவது கிடைக்கும். அப்படித் தேடும்போது, சைட்டோபிளாசம் முழுவதும் சிவந்த ஊதாத் துகள்கள் அடைந்து உட்கருவின் ஓரமே தெரியாத செல் ஒன்றும், ஆவர் ராடுகள் கட்டுக் கட்டாகக் கிடக்கும் செல் ஒன்றும் தென்படுகின்றன. இது அக்யூட் புரோமைலோசைட்டிக் லுகீமியாவாக இருக்கக்கூடும். 15-ஆம், 17-ஆம் குரோமோசோம்கள் தம் பகுதிகளை மாற்றிக்கொள்வதால் விளையும் இந்த நோயில், இரத்தம் உறையும் அமைப்பே சீர்குலைந்து மூளையில் இரத்தக் கசிவு ஏற்படும் அபாயம் முதல் நாள்களிலேயே உச்சத்தில் இருக்கிறது. அதே வேளையில், முதல் நாள்களைக் கடந்துவிட்டால் பெரும்பாலானோர் குணமாகும் நோயும் இதுவே. ஆல்-டிரான்ஸ் ரெட்டினாயிக் ஆசிட் என்னும் மாத்திரையும் ஆர்செனிக் டிரையாக்சைடும் இந்நோயின் போக்கையே மாற்றிவிட்டன. ஆர்செனிக் டிரையாக்சைடு ஒன்றை மட்டும் கொண்டு வேலூர் கிறித்துவ மருத்துவக் கல்லூரி அளித்த சிகிச்சையின் முடிவுகள் உலக அளவில் அறியப்பட்டவை. மரபணுச் சோதனையின் முடிவுக்குக் காத்திராமல், ஸ்மியரில் எழும் வலுவான ஐயத்தின் பேரிலேயே மருத்துவர் மாத்திரையைத் தொடங்குவார். அந்த ஐயத்தை அவரிடம் கொண்டுசேர்க்க வேண்டியது ஆய்வகம். துகள்கள் கண்ணுக்குத் தெரியாத வகை ஒன்றும் இதில் உண்டு. அதில் உட்கரு இரண்டு மடலாகப் பிரிந்து பட்டாம்பூச்சி போல் தெரியும், அதை மோனோசைட் என்று எண்ணிவிடும் வாய்ப்பு மிக அதிகம்.

உடைந்த சிவப்பணுத் துண்டுகளான சிஸ்டோசைட்டுகள் 1 சதவீதத்துக்கு மேல் இருப்பதும், மலேரியா ஒட்டுண்ணி தென்படுவதும் இதேபோல் உடனே தெரிவிக்க வேண்டியவை.

தெரிவிக்கும் முறைக்கும் ஒழுங்கு உண்டு. ஐயத்துக்குரிய செல்லை லென்ஸில் நிறுத்தி, மூத்த பணியாளரையோ நோயியல் மருத்துவரையோ அழைத்துக் காட்ட வேண்டும். நுண்ணோக்கியில் ஸ்லைடு வைக்கும் ஸ்டேஜின் அளவுகோல் எண்களைக் குறித்துவைத்தால் அந்த இடத்தை மீண்டும் எளிதாகக் கண்டுபிடிக்கலாம். நோயியல் மருத்துவர் அங்கே இல்லாத ஆய்வகமாக இருந்தால், செல்பேசியில் எடுத்த தெளிவான படத்தை நோயாளியின் பெயர் தெரியாதபடி அவருக்கு அனுப்பி, ஸ்லைடையும் பின்னாலேயே அனுப்பிவைக்கலாம். படம் ஒருபோதும் ஸ்லைடுக்கு ஈடாகாது. அவர் ஐயத்தை உறுதி செய்ததும் சிகிச்சை அளிக்கும் மருத்துவரைத் தொலைபேசியில் அழைத்து, சொன்னதை அவர் திருப்பிச் சொல்லக் கேட்டு, நேரத்தையும் பேசியவர் பெயரையும் பதிவேட்டில் எழுத வேண்டும். அறிக்கையில், "பிளாஸ்ட் எனக் கருதத்தக்க செல்கள் 12 சதவீதம் காணப்படுகின்றன, இரத்தவியல் மருத்துவரின் மதிப்பீடும் எலும்பு மஜ்ஜைப் பரிசோதனையும் ஃப்ளோ சைட்டோமெட்ரியும் பரிந்துரைக்கப்படுகின்றன" என்பதுபோல் கண்டதும் அடுத்து வேண்டியதும் மட்டும் இருந்தால் போதும். அக்யூட் மைலாய்டு லுகீமியா என்று வகுக்கப் பொதுவாக 20 சதவீத பிளாஸ்ட் என்ற எல்லை சொல்லப்படுகிறது. அதை வைத்து முடிவெடுப்பது மஜ்ஜையையும் மரபணுவையும் சேர்த்துப் பார்க்கும் மருத்துவரின் பணி. 20-க்குக் கீழே இருக்கிறது என்பதற்காக ஆய்வகம் அழைக்காமல் இருந்துவிடக் கூடாது. இதற்கு முன் பிளாஸ்ட் காணப்படாத ஒருவரிடம் 1 சதவீதம் தென்பட்டாலும் அது சொல்லப்பட வேண்டிய செய்தியே.

ரிப்போர்ட் வாங்கும் ஜன்னலில் நிற்கும் உறவினர், "ஏதாவது பெரிய வியாதியா தம்பி?" என்று கேட்பார். அந்த இடத்தில் பொய்யான ஆறுதலும் சொல்லக் கூடாது, நோயின் பெயரையும் சொல்லக் கூடாது. "டாக்டர்கிட்ட நாங்களே பேசிட்டோம்மா, இன்னைக்கே போய் அவரைப் பாத்துடுங்க" என்பது உண்மை, போதுமானதும்கூட. இன்றே என்ற சொல் அவர்களுக்குக் கேட்டுவிட்டதா என்று உறுதி செய்துகொள்ள வேண்டும்; பேருந்து பிடித்து ஊருக்குத் திரும்பிவிட்டு, அடுத்த வாரம் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடுபவர்கள் உண்டு.

ஸ்லைடையும் எஞ்சிய இரத்தத்தையும் அன்றே அப்புறப்படுத்தக் கூடாது. சாயமேற்றாத இரண்டு மூன்று ஸ்மியர்களைப் போட்டு, உலர்ந்ததும் மெத்தனாலில் நிலைநிறுத்தி வைத்தால் சிறப்புச் சாயங்களுக்குப் பயன்படும். ஃப்ளோ சைட்டோமெட்ரிக்குப் பெரிய மருத்துவமனை புதிய இ.டி.டி.ஏ. மாதிரி கேட்கும், புரோமைலோசைட்டிக் ஐயம் இருந்தால் இரத்தம் உறைதல் சோதனைகளுக்காகச் சோடியம் சிட்ரேட் குழாயிலும் அப்போதே எடுத்துக்கொள்ளச் சொல்லி வார்டுக்குத் தெரிவிக்கலாம். மஜ்ஜைப் பரிசோதனையின் முடிவு சில நாள்களில் வரும்போது, அதைக் கேட்டு வாங்கி, தாம் எழுதிய விவரிப்போடு சேர்த்து அதே ஸ்லைடை மீண்டும் லென்ஸில் வைத்துப் பார்ப்பவருக்கு அடுத்த பிளாஸ்ட்டை அடையாளம் காண்பது முன்னைவிட எளிதாகிறது.